பம்ப் ரூமில் யாரும் இல்லை

எங்கள் லேஅவுட் பூங்கா மொத்தமே பதினெட்டு சென்ட். முன்பு அது அரங்கசாமி ஐயா குடும்பத்தின் சோளக்காடு. காட்டை மனைகளாகப் பிரித்து விற்றபோது, பூங்காவுக்கென்று சட்டப்படி விட வேண்டிய மூலையை விட்டார்கள். பத்து வருடம் அதில் பார்த்தீனியமும் கட்டட இடிபாடும்தான் கிடந்தன. தான் நடத்திய நூல் மில்லை மகனிடம் ஒப்படைத்த பிறகு ஐயா தன் செலவில் போர் போட்டு, இரண்டு ஊஞ்சலும் ஆறு சிமென்ட் பெஞ்சும் வைத்தார். சுற்றிலும் செவ்வரளி நட்டார். மோட்டாருக்காகப் பத்துக்குப் பத்தில் ஓர் அறை கட்டினார். அந்த பம்ப் ரூமில்தான் நானும் அம்மாவும் பதினோரு வருடமாக இருக்கிறோம்.

அப்பா இறந்த பிறகு, ஆனைமலையிலிருந்து அம்மா என்னைக் கூட்டிக்கொண்டு வேலை தேடி வந்தபோது எனக்கு ஆறு வயது. ஐயாவின் மனைவி அம்புஜம் அம்மாதான் அறையைத் திறந்துவிட்டார். பூங்காவைக் கூட்ட வேண்டும், செடிகளுக்குத் தண்ணீர் விட வேண்டும். வாடகை கிடையாது. ஒரே ஒரு வாக்கு மட்டும் வாங்கிக்கொண்டார். பூங்கா இடத்தில் யாரையும் குடி வைக்கக் கூடாது என்பது விதி. அதனால் யார் கேட்டாலும் கிணத்துக்கடவிலிருந்து பஸ்ஸில் வந்து போவதாகச் சொல்ல வேண்டும். அங்கே மாமா வீடு இருக்கிறது. எங்கள் ரேஷன் கார்டும் அந்த விலாசத்தில்தான்.

ஐயா போய்ச் சேர்ந்து நான்கு வருடம் ஆகிறது. ஊஞ்சல்களில் ஒன்று அறுந்துவிட்டது. இந்தத் தை மாதம் மாநகராட்சி பூங்காவைப் புதுப்பிக்க எடுத்துக்கொண்டது. நடைபாதைக் கல், உடற்பயிற்சிக் கருவிகள், நடுவில் ஒரு நீரூற்று. வரைபடத்தில் பம்ப் ரூம் இருக்கும் இடத்தில் கழிப்பிடம் வரைந்திருந்தது.

அளக்க வந்தவர் இன்ஜினியர் நந்திதா மேடம். கூடவே காண்டிராக்டரின் ஆள் ரூபனும், குடியிருப்போர் சங்கச் செயலாளர் சசிதர் அண்ணனும் வந்தார்கள். சசிதர் அண்ணன் அம்புஜம் அம்மாவின் மகன். நான் அவசரமாக அடுப்பைக் கட்டிலுக்கடியில் தள்ளினேன்.

ரூபன் டேப்பை உள்ளே நீட்டி மூக்கை உறிஞ்சினார். "ஏனுங்க மேடம், இந்த மோட்டாரு ரசம் வெக்கறதாட்ட இருக்குதுங்க."

சசிதர் அண்ணன் சிரிக்கப் பார்த்து நிறுத்திக்கொண்டார்.

மேடம் படிவத்தைப் புரட்டினார். "அக்கா, இதுல யாராச்சும் குடியிருக்கீங்களா? இருந்தா இப்பவே சொல்லிருங்க. இடிக்கறதுக்கு முன்னாடி மாத்து வீட்டுக்கு எழுதி அனுப்பலாம். இல்லைன்னு எழுதிட்டா அப்பறம் ஒண்ணும் பண்ண முடியாதுங்க."

அம்மா ஈரக்கையைச் சேலையில் துடைத்தாள். "இல்லீங்க அம்மணி. நான் கிணத்துக்கடவுல இருந்து டெய்லி பஸ்ல வாரேனுங்க."

"இந்தப் பொண்ணு?"

"கூட வருமுங்க."

மேடம் பேனாவைத் திறந்தார். நான் வெளி ஆட்களிடம் பேசுகிறவள் இல்லை. டீச்சர் எழுப்பிக் கேள்வி கேட்டால் வாய் திறக்க முடியாது என்பதாலேயே ஒன்பதாவதோடு நின்றுவிட்டவள். ஆனால் அடுத்த மாதம் எங்கே படுப்போம்? மாமா வீட்டில் ஏற்கெனவே ஏழு பேர்.

"நாங்க இங்கதானுங்க இருக்கோம்," என்றேன். "பதினோரு வருசமா."

அம்மா என்னை யார் வீட்டுப் பிள்ளையையோ பார்ப்பதுபோலப் பார்த்தாள். "சின்னப் புள்ளைங்க. வெளையாட்டுக்குச் சொல்லுதுங்க."

"மாத்து வீடு போயிருமுங்கக்கா. இதுலயா வெளையாட்டு?" என்றார் ரூபன், இப்போது சிரிக்காமல்.

மேடம் இன்னொரு தாளை எடுத்து என்னிடம் கொடுத்தார். ரேஷன் கார்டில் வேறு விலாசம் இருப்பதால், நாங்கள் இங்கேதான் இருக்கிறோம் என்று லேஅவுட்டில் வீடு வைத்திருக்கும் ஒருவர் கையெழுத்துப் போட வேண்டுமாம். மறுநாளுக்குள் தர வேண்டுமாம். சசிதர் அண்ணன் அதற்குள் தன் வீட்டுப் பக்கம் நடந்துவிட்டார்.

அம்மா அன்று சாப்பிடவில்லை. "அந்தம்மா மூஞ்சில எப்படி முழிப்பேன்? அவங்க கேட்டது ஒரே ஒரு வார்த்தை. அதையும் கெடுத்துப்போட்டியே."

சாயங்காலம் தாளை நான்தான் எடுத்துக்கொண்டு போனேன். அம்மா பின்னாலேயே வந்து கேட்டுக்கு வெளியே நின்றுகொண்டாள். அம்புஜம் அம்மா வராந்தாவில் அவரைக்காய்க்கு நார் எடுத்துக்கொண்டிருந்தார். பக்கத்தில் நின்ற சசிதர் அண்ணன் முன்பே எல்லாவற்றையும் சொல்லியிருந்தார்.

"கையெழுத்துப் போட்டீன்னா நாமதான் குடி வெச்சோம்னு ஆயிரும்மா. அப்பா பேரு கெட்டுப் போயிரும்."

"வெச்சதுதானடா?"

"பொய் சொல்லச் சொன்னது?"

அம்புஜம் அம்மா கையிலிருந்த அவரைக்காயின் நாரை உரித்து முடித்தார். "அதுவும் நாந்தான். கண்ணாடியக் கொண்டா."

ஒவ்வொரு எழுத்தாகக் கையெழுத்துப் போட்டார். பிறகு, என் முகத்தைப் பார்க்காமல், "ஏங்கண்ணு, எங்கிட்ட ஒரு வார்த்தை கேட்டுட்டுச் சொல்லியிருக்கலாமல்ல?" என்றார்.

அவர் கேட்டது நியாயம்தான். ஆனால் முதலில் கேட்டிருந்தால் அவர் என்ன சொல்லியிருப்பார் என்று எனக்கு இன்னும் தெரியவில்லை. நான் தாளை வாங்கிக்கொண்டேன்.

"வள்ளியாத்தா, ஏன் ரோட்டுல நிக்கற? உள்ள வா," என்று அம்மாவைப் பார்த்துக் குரல் கொடுத்தார்.

"இருக்கட்டுங்கம்மா," என்றாள் அம்மா. அதற்கு மேல் வரவில்லை.

வீடு கிடைக்குமா என்பது தெரியாது. மறுநாள் தாளைக் கொடுத்ததற்கு ஒரு எண் மட்டும் தந்திருக்கிறார்கள். அதற்கடுத்த நாள் விடிந்ததும் அம்மா என்னிடம் பேசாமல் மோட்டாரைப் போட்டாள், துணி துவைத்தாள். இத்தனை வருடமும் எங்கள் துணிகள் யார் கண்ணிலும் படாமல் அறைக்குள்ளேயே காய்ந்தவை. எப்போதும் ஒரு புழுக்க வாடை இருக்கும். அன்று அம்மா வெளியே இரண்டு வேப்பமரங்களுக்கு நடுவே கயிறு கட்டினாள். அவளுடைய சேலைகளையும் என் பாவாடைகளையும் உதறி உதறி வெயிலில் விரித்தாள். நடக்க வந்தவர்கள் கயிற்றுக்கு அடியில் குனிந்து போனார்கள்.