பணிப்பெண் போகவில்லை

அது நானூறு வருஷத்துக்கு முந்தைய ஆங்கில நாடகம். ராணி அழும் காட்சியில் பணிப்பெண் வெளியேறுவதாக மூலத்தில் இல்லை. 'பணிப்பெண் போகிறாள்' என்ற வரி பின்னால் வந்த பதிப்பாசிரியர்கள் சேர்த்தது. "அவள் மேடையிலேயே நிற்கிறாள்" என்று கடைசிவரை மல்லுக்கட்டியவர், போன வருஷம் கண்ணை மூடிய ஒரு நாடக ஆய்வாளர். அதை நிரூபிக்கவே அவர் மனைவி நாடகத்தை இயக்கினாள்.

ஒத்திகையில், அந்த நாடகத்தைப் பதிப்பித்திருந்த பேராசிரியர் சிரித்தார். "வசனமே இல்லாம என்னம்மா பண்ணுவா? தூண் மாதிரி நிப்பாளா?"

"நிக்கட்டும் சார், பாத்துடலாம்."

அரங்கேற்றத்தில் ராணி, "அரசர் தூக்கத்திலேயே..." என்று பொய்யாக அழுதாள். அவள் விஷம் கலந்ததைப் பார்த்திருந்த பணிப்பெண் மெல்ல நிமிர்ந்து அவளையே பார்த்தாள். மூலத்தில் உள்ளபடியே ராணியின் பேச்சு பாதியில் நின்றது. அது ஏன் நிற்கிறதென்று இதுவரை யாருக்கும் விளங்கியதில்லை. கைதட்டலில் அரங்கமே அதிர்ந்தது.

பேராசிரியர் ஓடி வந்தார். "உங்க வீட்டுக்காரர் ஜெயிச்சுட்டாரும்மா! என் பதிப்புல அந்த வரியை அடிச்சுடறேன்."

"இப்பவே அடிங்க சார்" என்று கணவரின் பேனாவை நீட்டினாள்.