அந்த நடிகர் யாரென்று தெரியவில்லை

கடைசி வரிசையின் ஓரத்தில் சக்கர நாற்காலியை நிறுத்திவிட்டு, யதுர்சன் பக்கத்து இருக்கையில் அமர்ந்தான். நாற்காலியில் நொமுரா. எண்பத்திரண்டு வயது. பென்டில் ஹில் பக்கத்து முதியோர் இல்லத்தில் அவரைக் குளிப்பாட்டி உடுத்திவிடுவது இரண்டு வருடங்களாக யதுர்சனின் வேலை. பக்கவாதம் வந்தபிறகு அவர் பேசும் ஆங்கிலம் அவனுக்கு மட்டும்தான் விளங்கும்.

இளமையில் டோக்கியோவில் ஒரேயொரு படத்தில், பெண் உடையில் ஓர் ஆணைக் காதலிப்பவராக நடித்ததை ஒருநாள் அவர் சொன்னார். படம் ஓடிய வாரமே தகப்பன் வீட்டுக் கதவைச் சாத்திவிட்டாராம். "நீயும் என்னைப் போலத்தானே?" என்று கேட்டார். யதுர்சன் சவரக்கத்தியைக் கழுவிக்கொண்டே தலையாட்டினான். முப்பத்தாறு வயதில் அதை ஒருவரிடம் அவன் ஒப்புக்கொண்டது அதுதான் முதல் தடவை.

இன்று நியூடவுனில், ஒரு திரைப்பட விழாவின் பகல் காட்சியாக அந்தப் படம். திரையில் இருபத்தைந்து வயது நொமுரா ஓடும் டிராமில் நின்று உதட்டுச்சாயம் பூசினார். சுற்றி நின்றவர்கள் நடிகர்களல்ல, உண்மையான பயணிகள். ஒருவன் அவர் முகத்தில் துப்பினான். அவர் துடைக்காமல் மேலும் பூசினார். அரங்கில் கைதட்டினார்கள்.

படம் முடிந்ததும் மேடையிலிருந்தவர் சொன்னார்: "பெயர்ப் பட்டியல் இருந்த சுருள் கிடைக்கவில்லை. அந்த நடிகர் யாரென்று தெரியவில்லை. இறந்திருக்கலாம்."

நொமுராவின் நல்ல கை மேலே எழுந்தது.

"நான்தான் என்று சொல்லு," என்றார்.

மைக்கோடு வந்தவள் வர்ஷா. அம்மாவின் சிநேகிதி விமலா அன்ரியின் மகள். யதுர்சனுக்குப் பெண் பார்ப்பதே விமலா அன்ரிதான்.

"யதுர்சன் அண்ணா! நீங்கள் இங்க?"

"வேலையா வந்தனான். இவர் எங்கட பேஷன்ட்."

"ஏதோ கேக்கப் போறார் போல?"

"இல்லை. அவருக்கு மறதி. சும்மா கையைத் தூக்குவார்."

வர்ஷா நொமுராவைப் பார்த்துக் கனிவாகச் சிரித்துவிட்டு முன்வரிசைக்குப் போனாள். நொமுராவுக்குத் தமிழ் தெரியாது. ஆனால் அவர் யதுர்சனின் முகத்தை வெகுநேரம் பார்த்தார். பிறகு கையை மடியில் வைத்துக்கொண்டார்.

வெளியே வந்தபோது, கூடத்துச் சுவர் முழுக்க அந்த இளம் முகம், ஈர உதடுகளோடு. அதன்முன் நின்று படமெடுத்துக்கொண்டிருந்த இரண்டு பெண்களில் ஒருத்தி, நாற்காலி படத்துக்குள் விழுகிறது, கொஞ்சம் நகர்த்த முடியுமா என்று பணிவாகக் கேட்டாள்.

யதுர்சன் நகர்த்தினான்.