சர்க்கரை பன்னைச் சுற்றிய தாள்

...இதில் பல் உடைய என்ன இருக்கிறது, எல்விரா கான்டூ, ரெண்டே சொல் பெயர், பதினெட்டு வருஷமாக இவருடைய மருத்துவமனைக்கு நான்தான் வாய், மக்கள் தொடர்பு அதிகாரி, அந்த வாய்க்கு ஒரு பெயர் உண்டு என்பது தலைவர் ஹஃப்மனுக்கு மதியச் சாப்பாட்டு விழாக்களில்தான் ஞாபகம் வருகிறது, அதையும் மேடையில் நின்று ஒவ்வொரு தடவையும் வேறு வேறு மாதிரி கடித்துத் துப்புகிறார். எல்லையோர ஊரான மெக்காலனில் இருப்பதிலேயே பெரிய ஹோட்டல் கூடம், கூரையெல்லாம் வெட்டிய வண்ணத் தாள், மூலையில் வாடகை வாத்தியக்காரர்கள். வருஷத்தில் இந்த ஒரு மாதம், பாரம்பரிய மாதம் என்று, ஸ்பானிஷ் பேசுகிற நாங்கள் வண்ணமயமானவர்கள், மற்ற மாதங்களில் நாங்கள் செலவு. பக்கத்து நாற்காலியில் ஹஃப்மனின் மனைவி தமாலேயை, அவித்த மாவுக் கொழுக்கட்டையை, அதைச் சுற்றிய மக்காச்சோளத் தோலோடு சேர்த்து வெட்டி வாயில் போட்டு மென்றுகொண்டிருக்கிறாள், மெல்லுகிறாள், மெல்லுகிறாள், "உங்க ஊர் சாப்பாட்டுல நார்ச்சத்து ஜாஸ்தி இல்ல?" என்கிறாள். "ஆமா மேடம், உடம்புக்கு நல்லது" என்றேன். தோலை உரித்துவிட்டுச் சாப்பிட வேண்டும் என்று ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. சொல்லாமல் பார்த்துக்கொண்டிருப்பதுதான் இந்த வேலையில் எனக்குக் கிடைக்கும் ஒரே சுகம்.

மேடையில் விருது நிற்கிறது, கண்ணாடியில் செய்தது, ஷாம்பு பாட்டில் மாதிரி, "சமூகத்தின் குரல்" என்று பொறித்திருக்கிறார்கள். கைப்பையில் என் உரை, வெங்காயக் கிடங்கில் மூட்டை கட்டிய என் அம்மா, நான் கையில் பிடித்த மெகாபோன், கண்ணீர் துடைக்க ஓர் இடைவெளி, எல்லாம் அளந்து வைத்திருக்கிறேன். அதே பையில் இருக்கிற போனில் இன்னொன்று, மூன்று மணிக்கு எல்லா ரேடியோவுக்கும் டிவிக்கும் போக வேண்டிய அறிக்கை, அதுவும் நான் எழுதியதுதான். "தாய்சேய் நலச் சேவைகளை ஒரே வளாகத்தில் ஒருங்கிணைக்கிறோம்." மேற்குப் பகுதி பிரசவ வார்டை மாதக் கடைசியில் இழுத்து மூடப் போகிறார்கள் என்று அர்த்தம், ஆனால் மூடுவது என்ற சொல் அதில் எங்கேயும் இல்லை. நிருபர்கள் அப்படியே எடுத்துப் போடுவார்கள், கமாவைக்கூட மாற்ற மாட்டார்கள், சோம்பேறிகள், அவர்களை அப்படிப் பழக்கியதும் நான்தானே... இனி அந்தப் பக்கத்துப் பெண்கள் வலி எடுத்தால் நெடுஞ்சாலையில் லாரிகளுக்கு நடுவே அடுத்த ஊருக்குப் போக வேண்டும், காரில் பெற்றாலும் ஆச்சரியமில்லை, அதற்கும் நான் ஒரு அழகான வாக்கியம் வைத்திருப்பேன்.

அந்த வார்டைப் போராடி வாங்கியதே நாங்கள்தான். அப்போது நான் ஸ்பானிஷ் ரேடியோவில் செய்தி வாசித்துக்கொண்டிருந்தேன், என் சிநேகிதி செனைடா தன் தங்கையின் பேக்கரியில் மாவு பிசைந்துகொண்டிருந்தாள். ஞாயிறு பூசை முடிந்து வருகிறவர்களிடம் வார்டு கேட்டு நோட்டீஸ் கொடுத்தால் வாங்கின கையோடு கீழே போடுவார்கள், அதனால் சிப்பிக் கோடு போட்ட சர்க்கரை பன்னை, கோன்ச்சாவை, நோட்டீஸில் சுற்றிக் கொடுத்தோம், ரொட்டியை யார் கீழே போடுவார்கள்? நீல மை சர்க்கரையில் ஒட்டும், ஊர் முழுக்க உதடு நீலமாகத் திரியும். ஜூலை வெயிலில் வயிற்றைத் தள்ளிக்கொண்டு பெண்கள் வந்து மருத்துவமனை வாசலில் நின்றார்கள். வார்டு வந்தது. கூடவே எனக்கு வேலையும் வந்தது, கத்துகிறவளுக்குச் சம்பளம் கொடுத்தால் அதே தொண்டையில் சமாதானம் சொல்வாள் என்று கணக்குப் போட்டிருந்தார்கள், கெட்டிக்காரர்கள். இந்த ரொட்டிக் கதையை விழாக் குழுவில் சொன்னபோது ஹஃப்மன் துள்ளிக் குதித்தார், இனிப்புக்கு அதையே வைப்போம், தாளில் எல்விரா படத்தை அச்சடிப்போம்! செனைடாவின் தங்கை பேக்கரிக்கே ஆர்டர் போனது. எங்கள் சண்டை இவர்களுக்கு இனிப்பாகிவிட்டது.

செனைடா கடைசி மேசையில் உட்கார்ந்திருக்கிறாள், விழாப் படத்தில் என் பக்கத்தில் நிற்க நான்தான் வரச் சொன்னேன். என் மகனின் ஞானத்தாய், அதனால் நாங்கள் ஒருவரையொருவர் கோமாத்ரே என்றுதான் கூப்பிட்டுக்கொள்வோம். வாசலில் என்னை மேலும் கீழும் பார்த்தாள்.

"என்ன கோமாத்ரே, உன்னைப் பொட்டலம் கட்டிக் கொண்டாந்துட்டாங்க போல?"

"நீ வந்தியே, அதுவே சந்தோஷம்டி."

"சாப்பாடு போடுறேன்னே, வந்தேன். மருமகளுக்கு நிறைமாசம், வயிறு இறங்கிடுச்சு. நம்ம வார்டுலதானே சேக்கணும்?"

"கடவுள் இருக்கார்" என்றேன். கடவுளை நான் அறிக்கைகளில் சேர்ப்பதில்லை, மருத்துவமனைச் சட்டப் பிரிவு விடாது, அதனால் அவர் சொந்த உபயோகத்துக்கு மிச்சம் இருக்கிறார்... அவள் என்னையே பார்த்தாள், பிறகு சிரித்தாள், ஏன் சிரித்தாள்?

சொல்லிவிடலாமே. மைக் என் கைக்கு வரப் போகிறது. வார்டுக்குப் பணம் தருகிற மாவட்ட நிர்வாகமான கவுன்டியின் ஆட்கள் முன்வரிசையில் கழுத்துப்பட்டையைத் தளர்த்திக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்கள், தேர்தலுக்குப் பயந்தவர்கள். அறிக்கைக்கு முன்னால் சத்தம் கிளம்பினால் வார்டு பிழைக்கும், பின்னால் கிளம்பினால் அது வெறும் சத்தம், இது என் தொழில், எனக்குத் தெரியாதா? சொன்னால் நாளைக்கு எனக்கு வேலை இருக்காது. இந்த வயதில் என்னை யார் எடுப்பார்கள்... சீ, விருது வாங்கப் போகிறவள் யோசிக்கிற யோசனையா இது?

பெயரைக் கூப்பிட்டுவிட்டார்கள். எழுந்து, சிரித்து, படியேறி, கைகொடுத்து... பணியாளர்கள் மேசை மேசையாக ரொட்டி வைக்கிறார்கள், எல்லாவற்றிலும் என் முகம். ஹஃப்மன் தன்னுடையதை மைக் முன்னால் உயர்த்திக் காட்டிப் பிரிக்கிறார், தாளைத் திருப்புகிறார், வெறுமையாக இருக்க வேண்டிய பக்கத்தில் நீல எழுத்து, ஸ்பானிஷ்.

"அட! எல்விராவுக்கு ஏதோ வாழ்த்து எழுதியிருக்காங்க! நமக்கு எங்க புரியுது? எல்விரா, நீங்களே எங்களுக்கு மொழிபெயர்த்துச் சொல்லுங்களேன், சத்தமா!"

தாள் என் கையில். மை இன்னும் ஈரம். "மேற்கு வார்டை மூடப் போகிறார்கள். இன்று மூன்று மணிக்குச் சொல்வார்கள். எல்விராவைக் கேளுங்கள்." இது செனைடாவின் வேலை, யார் சொன்னது அவளிடம், நர்ஸுகளா... பின்மேசைகளில் பேச்சு நின்றுவிட்டது, ஒவ்வொரு தலையாக நிமிர்கிறது. முன்வரிசையில் ஸ்பானிஷ் படிக்கத் தெரிந்த ஒன்றிரண்டு கவுன்டி ஆட்கள் தாளை மடித்துத் தட்டுக்கு அடியில் தள்ளுகிறார்கள். மற்றவர்கள் வாழ்த்துக்காகப் புன்னகையோடு காத்திருக்கிறார்கள். செனைடா ரொட்டியைக் கடித்துக்கொண்டு என்னைப் பார்க்கிறாள், உதடு நீலம். எல்விராவைக் கேளுங்கள்... அது வசவா, இல்லை, இத்தனைக்கும் பிறகு என்மேல் நம்பிக்கையா?

"சும்மா படிங்க, கூச்சப்படாதீங்க" என்கிறார் ஹஃப்மன்.

மைக் அருகே குனிகிறேன். மூடப் போகிறார்கள் என்று இருக்கிற இடத்தில் ஒருங்கிணைக்கிறார்கள் என்ற சொல் நான் கூப்பிடாமலே என் நாக்கில் வந்து உட்கார்ந்திருக்கிறது, அழகாக, அளவாக. தலைவரை, அவர் மனைவியை, நிருபர்களை, இந்தக் கூடம் முழுவதையும் ஒவ்வொருவராகக் குற்றம் சொல்லிக் கழித்துக்கொண்டே வந்தேனே, மிச்சம் யார் என்று பார்க்கவில்லையே... ஒலிபெருக்கியில் யாரோ மூச்சு விடுவது கேட்கிறது, பெரிதாக, அது நான்தான் போலிருக்கிறது.