குளியலறைப் பாம்பும் மாமாவின் மூக்குக் கண்ணாடியும்

1

இந்தக் கதை அக்கா போட்ட சண்டையில் பிறந்தது. "யார் யாரைப் பத்தியோ எழுதுற. என்னைப் பத்தி எழுதினா கை தேஞ்சுடுமா?" என்றாள். எழுதினேன். முதல் வாக்கியத்தைப் போனில் படித்துக் காட்டியதுமே கத்த ஆரம்பித்துவிட்டாள். அந்த வாக்கியம் இது:

(தலை முக்கோணமாக இருந்ததால், அது விஷப்பாம்புதான் என்று அவள்...)

"தலையைப் பாத்து முடிவு பண்ற ஆளாடா நான்? பயந்தா விஷமில்லாததுகூடத் தலையைத் தட்டையாக்கிக் காட்டும். கட்டுவிரியனுக்கு முக்கோணத் தலையே கிடையாது. அதுகிட்ட விஷத்துக்குப் பஞ்சமா? என் மானத்தை வாங்காதே."

2

சரி, மறுபடியும் தொடங்குகிறேன்.

அக்கா மூக்குக் கண்ணாடிக் கடை வைத்திருக்கிறாள். பாம்பு என்றால் அவளுக்கு உயிர். வீட்டுக்குள் பாம்பைப் பார்த்தவர்கள் அவளுக்குத்தான் படம் அனுப்புவார்கள். ஒரு கையால் வாடிக்கையாளரின் மூக்கில் ஃபிரேமை மாட்டிக்கொண்டே, மறுகையால் போனைப் பார்த்துப் பதில் சொல்வாள். "சாரைதாங்க. வழியை விடுங்க, அது பாட்டுக்குப் போயிடும்." "நாகம். கதவைச் சாத்திட்டுத் தள்ளி நில்லுங்க, ஆளை அனுப்புறேன்." 'தெரியாது' என்று அவள் சொல்லி நான் கேட்டதே இல்லை. [இதில் கொஞ்சம் கர்வமும் உண்டு. அக்கா, கோவிச்சுக்காதே.]

மாமா, அதாவது அவள் கணவர், நேர் எதிர். தரையில் கயிறு கிடந்தால்கூடச் சுற்றிக்கொண்டு போவார்.

3

அன்று காலை மாமா குளியலறையில், துணி துவைக்கும் இயந்திரத்தின் மேல் கண்ணாடியைக் கழற்றி வைத்துவிட்டு முகம் கழுவினார். நிமிர்ந்தால், இயந்திரத்துக்குப் பக்கத்தில் கறுப்பும் வெள்ளையுமாக ஏதோ நெளிகிறது. ஒரே ஓட்டம். மனுஷன் வெளியே, கண்ணாடி உள்ளே. அது இல்லாவிட்டால் அவருக்கு எல்லாமே புகை மூட்டம்தான்.

[இந்த இடத்தில் மாமாவைக் கொஞ்சம் வீரராக்கிப் பார்த்தேன். சட்டையைக் கழற்றிப் பாம்பின் மேல்... வேண்டாம். படித்தால் அவரே சிரிப்பார்.]

சத்தம் கேட்டு எதிர்வீட்டுக்காரர் கம்போடு வந்துவிட்டார். மாமா குளியலறை வாசலில் இரண்டு கையையும் விரித்து மறித்துக்கொண்டார்.

"இருங்க சார், என் வீட்டுக்காரி ஒரு வார்த்தை சொல்லட்டும். அடிச்சுப் போட்டா அவ சாப்பிட மாட்டா."

கண் சரியாகத் தெரியாமலே, கதவிடுக்கில் போனை நீட்டிப் படம் எடுத்துக் கடைக்கு அனுப்பினார்.

4

இங்கே கொஞ்சம் பாடம், பொறுத்துக்கொள்ளுங்கள். கறுப்பு உடம்பில் வெள்ளைப் பட்டை என்றால் பெரும்பாலும் இரண்டில் ஒன்று. கட்டுவிரியனுக்குத் தலைப் பக்கம் பட்டை மங்கும், வால் பக்கம் பளிச்சென்று இருக்கும். விஷமில்லாத வெள்ளிக்கோல் வரையனுக்கு இது தலைகீழ்: கழுத்திலேயே பளிச், போகப்போக மங்கல். மாமாவின் படத்தில் தலை எது, வால் எது என்பதே குழப்பம். ஆனாலும் அக்காவுக்குக் கழுத்துப் பக்கம்தான் பளிச்சென்று பட்டது. வெள்ளிக்கோல் வரையன். கிட்டத்தட்ட நிச்சயம்.

போன் அடித்தது.

"பாத்தியா? விஷமில்லைன்னு சொல்லும்மா, உள்ள போய்க் கண்ணாடியை எடுத்துக்கறேன்."

விஷமில்லை என்று சொல்ல வாயெடுத்த அக்கா நிறுத்திக்கொண்டாள். கயிற்றுக்குப் பயப்படுகிற மனுஷன், இவள் சொன்னால் போதுமென்று வெறுங்காலோடு நுழைந்துவிடுவார்.

"தெரியலைங்க."

"என்னது, உனக்கா?"

"எனக்குத்தான். விஷம்னே வெச்சுக்குங்க. கதவைச் சாத்திக் கீழ துண்டைச் சொருகுங்க. தீயணைப்பு ஆளை அனுப்புறேன். உள்ள போகாதீங்க, உங்களுக்குப் புண்ணியமாப் போகும்."

மாமா கதவை இழுத்துச் சாத்தும் சத்தம் போனில் கேட்டது.

"சரிம்மா. யாரையும் உள்ள விடலை. நீ பதறாதே," என்றார் மாமா.

வேறு யாராவது அந்தப் படத்தை அனுப்பியிருந்தால் பளிச்சென்று பதில் சொல்லியிருப்போமோ என்ற கேள்வி அக்காவை இன்றும் குடைகிறது. இப்போதெல்லாம் கடையில் 'தெரியலை' அடிக்கடி கேட்கிறது.

5

முடிவு மூன்று எழுதினேன். தீயணைப்புக்காரர் பிடித்தது வெள்ளிக்கோல் வரையன், எல்லோரும் சிரித்தார்கள். இல்லை, கட்டுவிரியன், அக்கா அப்படியே உட்கார்ந்துவிட்டாள். அதுவும் இல்லை, வடிகால் ஓட்டை வழியாக அது முன்பே...

இதில் ஒன்று நிஜம். ஆனால் அக்கா மூன்றையும் அடிக்கச் சொல்லிவிட்டாள். "எதை எழுதினாலும் நான் அன்னிக்குச் சொன்னதுக்கு மார்க் போட்ட மாதிரி ஆயிடும்டா." அடித்துவிட்டேன்.

விடாமல் அந்தப் படத்தையே நீட்டிக் கேட்டேன். "இப்பவாவது சொல்லுக்கா, இது என்ன பாம்பு?"

அவள் பாம்பைப் பார்க்கவே இல்லை. படத்தின் கீழ் ஓரத்தை விரலால் பெரிதாக்கினாள். மாமாவின் கால்விரல்கள் தெரிந்தன.

"பாருடா, எவ்வளவு பக்கத்துல நின்னிருக்கார்!"

படம் இனி உங்களிடம். பட்டை எந்தப் பக்கம் பளிச்சென்று இருக்கிறது என்று நீங்களே பாருங்கள். அந்தக் கால்விரல்களையும் பாருங்கள். பார்த்த பிறகும் விஷமில்லை என்று சொல்ல வாய் வந்தால், முடிவை நீங்களே எழுதிக்கொள்ளுங்கள்.