கல் முடியும் இடம்

அலை கரைக்கு நேராக வருவதில்லை, சாய்ந்து வருகிறது. ஏறும்போது மணலைச் சாய்வாகத் தள்ளும்; இறங்கும்போது நேராக இழுத்துக்கொள்ளும். இப்படி ஏறி இறங்கியே மணல் முழுக்க மெல்ல வடக்கே நகர்கிறது. வருவதும் போவதும் சமமாக இருக்கும்வரை, கரை அசையாமல் நிற்பதாகவே நமக்குத் தோன்றும்.

தெற்கே துறைமுகத்துக்காகக் கடலுக்குள் நீளமாகச் சுவர் கட்டினார்கள். வரவேண்டிய மணல் அந்தப் பக்கமே தேங்கிவிட்டது. இந்தப் பக்கம் போவது மட்டும் நிற்கவில்லை.

இந்தப் பக்கக் கரையில் அண்ணன் வீடும் தங்கை வீடும் ஒட்டியே இருந்தன, அண்ணனுடையது தெற்கில். துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறவன் அவன். கடல் வாசலுக்கு வந்ததும், சுவர் வேலையில் மிஞ்சிய பாறைகளைக் கேட்டு வாங்கித் தன் வீட்டுக்கு முன்னால் அடுக்கினான்.

“எனக்கும் நாலு கல்லு போட்டா என்னண்ணே?”

“என் வீடு நின்னா உன் வீடும் நின்ன மாதிரிதான். நடுவுல இருக்கறது ஒரே சுவரு.”

“நீ சாப்பிட்டா எனக்கு ஏப்பம் வருமா?”

அண்ணன் சிரித்தான். அவன் ஏமாற்றவில்லை, அப்படித்தான் நம்பினான்.

மணலில் ஏறும் அலை ஏறிய களைப்பிலேயே அடங்கிவிடும். பாறையில் மோதும் அலை அடங்காது. பக்கவாட்டில் ஓடி, கல் வரிசை முடிகிற இடத்தில் உள்ளே திரும்பி மண்ணைக் குடையும். அண்ணன் அடுக்கிய கல் முடிந்த இடத்தில் தங்கையின் சமையலறை இருந்தது.

மழைக்காலத்தில் ஒரு மத்தியானம், அடுப்பும் பாத்திரமுமாக அது கடலுக்குள் இறங்கியது. உலையில் சோறு கொதித்துக்கொண்டிருந்தது. அவள் முன்னறையில் இருந்ததால் பிழைத்தாள்.

“எங்க வீட்டுக்கு வந்துடும்மா” என்றான் அண்ணன், அவள் முகத்தைப் பார்க்காமல்.

“வந்து? மிச்சம் இருக்கற ரெண்டு அறையும் போறத அங்கிருந்து வேடிக்கை பார்க்கவா? கல்லு கொண்டா.”

பாறைகளோடு கிரேனையும் கொண்டுவந்தான். பாறைகள் இறங்கும் சத்தம் கேட்டு, வடக்கு வீட்டுத் தையல்கார அக்கா கழுத்தில் நாடாவோடு வெளியே வந்தாள். சரிந்த சமையலறையையும் பாறைகளையும் மாறி மாறிப் பார்த்தாள்.

“எதுவரைக்கும் போடுறீங்க?”

கிரேனில் ஒரு பாறை தொங்கிக்கொண்டிருந்தது. அண்ணன் கைப்பிடியைப் பிடித்தபடி தங்கையைப் பார்த்தான்.

“என் வீட்டோட சரிக்கா” என்ற தங்கை, அண்ணன் பக்கம் திரும்பினாள். “இறக்குண்ணே.”