ஐந்தாம் படியில் வழுக்க வேண்டும்

பேசாப் படம். பெரிய திருடன் இரும்புப்பெட்டியைத் தலையில் வைத்துக்கொண்டு மாடி ஜன்னலிலிருந்து ஏணியில் இறங்குவான். கீழிருந்து ஐந்தாம் படியில் வழுக்கித் தண்ணீர்த் தொட்டிக்குள் விழுவான். ஏணியைப் பிடித்திருக்கும் சின்னத் திருடன் முழிப்பான். காட்சி அவ்வளவுதான்.

காலையிலிருந்து இரண்டு முறை எடுத்தாயிற்று. இரண்டு முறையும் பெரிய திருடனாக நடிப்பவர் விழுவதற்கு முன்பே பெட்டி காற்றில் பறந்துவிட்டது. அட்டையில் செய்து கறுப்பு அடித்த பெட்டி.

"பிலிம் இன்னும் ஒரு தடவைக்குத்தான் இருக்கு," என்றார் இயக்குநர். பெரிய திருடனின் வீங்கிய முழங்காலைப் பார்த்தார். "இப்பவும் ஒழுங்கா விழலைன்னா நாளையிலேருந்து வைக்கோல் பொம்மைதான் விழும். அதுக்குக் கால் வலிக்காது."

"விழறேன்," என்றார் பெரிய திருடன். பதினோரு வருடமாக விழுந்து பிழைப்பவர்.

காமிராக்காரர் கைப்பிடியைச் சுற்றத் தொடங்கினார். ஜன்னல் விளிம்பிலிருந்து பெட்டியைத் தலைக்கு இழுத்ததும் பெரிய திருடனின் கழுத்து தோளுக்குள் இறங்கியது.

"மாப்ளே."

சின்னத் திருடன் அவர் மனைவியின் தம்பி. படத்தில் சத்தம் பதியாது. என்ன வேண்டுமானாலும் பேசலாம்.

"என்ன மாமா?"

"பெட்டிக்குள்ள என்னடா?"

"பறக்குதேன்னு செங்கல் போட்டேன். ஒரு பன்னிரண்டு."

"சொல்லித் தொலைக்கக் கூடாதா?"

"நீங்க சாப்பிட்டுட்டு இருந்தீங்க."

"இதோட விழுந்தா மண்டை தேங்காய் மாதிரி போயிடும்டா."

"ஐயோ, அக்கா என்னைக் கொன்னுடும்!"

"வாயை மூடிட்டு ஏணியைப் பிடி."

ஐந்தாம் படி வந்தது. அவர் வழுக்கவில்லை.

"விழுய்யா!" என்று கத்தினார் இயக்குநர்.

நான்காம் படி. மூன்றாம் படி. தரையில் இறங்கிப் பெட்டியை மெதுவாக வைத்தார்.

"பொம்மையை எடுத்துட்டு வாங்க," என்றார் இயக்குநர். ஓர் ஆள் கிளம்பினான்.

"சுத்துங்க, நிறுத்தாதீங்க," என்றார் பெரிய திருடன் காமிராக்காரரிடம்.

ஏணியில் மறுபடியும் ஏறினார். வலிக்கும் காலைக் கையால் தூக்கித் தூக்கி வைத்தார். ஐந்தாம் படியில் திரும்பி நின்றார். தலைமேல் இல்லாத பெட்டியை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார். வழுக்கினார்.

தொட்டியில் பாதித் தண்ணீர் வெளியே வந்தது. சின்னத் திருடன் நிஜமாகவே முழித்தான். காமிராக்காரரின் தோள்கள் குலுங்கின, கை மட்டும் சுற்றிக்கொண்டே இருந்தது. பிலிம் தீர்ந்தது.

"அதான் திருடியாச்சே," என்றார் இயக்குநர். "அப்புறம் எதுக்கு ஏறி விழுந்தான்?"

அவருக்கே சிரிப்பு வந்தது. உட்கார்ந்துவிட்டார். பிறகு, பொம்மை எடுக்கப் போனவனைத் திருப்பிக் கூப்பிட்டார்.

தொட்டியிலிருந்து ஒரு கை நீண்டது.

"தூக்கி விடு மாப்ளே. செங்கல்லைப் பத்தி வீட்ல பேசிக்கலாம்."