ஒரே நாளில் வாங்கிய இரண்டு போன்கள்

மனைவி யோசெப்பின் செத்துப்போன பிறகு ஒருநாள், அவளுடைய போன் திரையில் ஏதோ கேட்டு ஒரு கட்டம் வந்து நின்றது. றேமண்ட் சரியென்று அழுத்திவிட்டான். போன் அணைந்து புது சிஸ்டத்தோடு எழும்பியது. கோயில் பாட்டுக்குழுவுக்காக அவள் பாடிப் பதிந்து வைத்திருந்த ஆப் அன்றோடு திறக்க மறுத்துவிட்டது. பாட்டைவிட அவனுக்கு வேண்டியிருந்தது நடுவில் வரும் அவளுடைய அதட்டல்தான்: "றேமண்ட், சத்தம் போடாதேங்கோ, பதியிறன்!"

வேலை செய்யும் ஒருகொடவத்தை கொள்கலன் யார்டில் லீவு சொல்லிவிட்டு, வெள்ளவத்தையில் ஸப்வானின் போன் கடைக்கு நம்பிக்கையோடுதான் வந்தான். பழைய சிஸ்டத்துக்குத் திரும்ப, போன் கம்பனியின் டிஜிட்டல் கையொப்பம் வேண்டும். புதியது வந்து கொஞ்ச நாளில் பழையதற்குக் கையொப்பம் கொடுப்பதைக் கம்பனி நிறுத்திவிடும். நிறுத்துமுன் அதை வாங்கிக் கம்ப்யூட்டரில் சேமித்து வைப்பது ஸப்வானின் வழக்கம். போன வருடம் அவன் சொல்லியனுப்பியபோது, போனைக் கொண்டுவந்தது றேமண்ட்தான்.

"கையொப்பம் ஈக்கி அண்ணே. ஆனா இந்தப் போன்ட இல்ல" என்றான் ஸப்வான். "அண்டைக்கு எதைக் கொண்டந்தீங்க?"

"என்டைய. அவ தமக்கையோட கதைச்சுக்கொண்டு நிண்டவ, குடுக்கேல்ல. ரெண்டும் ஒண்டுதானே தம்பி? ஒரே நாள், உன்ட கடையிலதானே வாங்கினது. நிறம்கூட ஒண்டு."

"நிறத்தப் பாத்தா கையொப்பம் தாராங்க? ஒவ்வொரு போனுக்கும் உள்ளுக்குத் தனி நம்பர் ஈக்கி. ஒண்டுக்குத் தந்தது மத்ததுக்குச் சரிவராது."

றேமண்டுக்கு விளங்கியது. எழுத்துப் படிக்குமுன் யார்டு வாசலில் வருடக்கணக்காகக் கைநாட்டு வைத்தவன் அவன். இன்னொருவன் விரலை வைத்து யாராவது அவனை யார்டுக்குள் விட்டிருப்பார்களா?

"இப்ப வாங்கேலாதோ?"

"மூடிட்டாங்க அண்ணே."

"அப்ப குரல் அழிஞ்சிட்டுதோ?"

"இல்ல. உள்ளுக்குத்தான் ஈக்கி. அந்த ஆப் போட்ட பூட்டு. அது திறந்தாத்தான் கேக்கலாம்." ஸப்வான் போனைத் துடைத்து நீட்டினான். "சார்ஜ் இறங்கினாலும் ஒண்டும் போகாது. பயப்படாதீங்க."

"ஓம்" என்றான் றேமண்ட்.

ஆனாலும் கொட்டாஞ்சேனை பஸ்ஸில் வழிநெடுகப் பற்றரியையே பார்த்துக்கொண்டு வந்தான். வீட்டுக்குள் நுழைந்ததும் சப்பாத்தைக்கூடக் கழற்றாமல் சார்ஜரைச் செருகினான். பிறகு தரையில் குந்தி, வயர் எட்டுமட்டும் போனை இழுத்துக் காதில் வைத்துக்கொண்டான். ஒன்றும் கேட்கவில்லை. போன் மெல்ல மெல்லச் சூடேறி, கன்னத்தில் சுட்டது. அவன் எடுக்கவில்லை.